கிறிஸ்டினா யாண்டா படங்களைப் பார்க்கும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

கிறிஸ்டினா யாண்டா போலந்து நடிகை. முதலில் பெயர். Janda என்ற ஆங்கில எழுத்தைப் பார்த்து நாம் 'ஜாண்டா' என்று எழுதிவிடுகிறோம். போலிஷ் மொழியில் J எழுத்துக்கு 'ய' ஒலிதான், அதனால் யாண்டா. அவரை வைத்துப் பல படங்கள் எடுத்த போலந்து இயக்குநர் வாஜ்தாவின் (Wajda) பெயரும் அப்படித்தான், கோர்ட்டில் வாய்தா வாங்குவது என்கிறோமே, கிட்டத்தட்ட அதே மாதிரி சொன்னால் சரி.

பெயரை விடப் பெரிய தவறு, விருது வாங்கிய வருடத்தை வைத்து யாண்டாவின் நடிப்பை வரிசைப்படுத்துவது. 'இன்டராகேஷன்' படத்துக்காக 1990இல் கான் திரைப்பட விழாவில் சிறந்த நடிகை விருது கிடைத்தது, உடனே தொண்ணூறுகளின் நடிகை என்று எழுதிவிடுகிறார்கள். ரிஷார்ட் புகாய்ஸ்கி இயக்கிய அந்தப் படம் 1982லேயே முடிந்துவிட்டது. 1981 டிசம்பர் 13 அன்று போலந்தில் ராணுவச் சட்டம் வந்திருந்தது, படத்தைத் தடை செய்துவிட்டார்கள். 1989 வரை அது திருட்டுத்தனமாக வீடியோ கேசட்டில் கைமாறித்தான் மக்களிடம் போனது. அப்படியென்றால் நாம் திரையில் பார்ப்பது முப்பதைத் தொடாத ஒரு பெண்ணின் நடிப்பு, அதற்கு மரியாதை கிடைத்தபோது அவருக்கு 37 வயது. கதை நடப்பதும் எண்பதுகளில் இல்லை. ஸ்டாலின் காலத்துச் சிறையில், ஏன் பிடித்துக்கொண்டு வந்தார்கள் என்றே தெரியாமல் அடைபட்ட ஒரு கேபரே பாடகியின் கதை. இது தெரியாமல் பார்த்தால் பாதிப் படம் கையை விட்டுப் போய்விடும்.

கான் விழாவின் உயர்ந்த விருதான தங்கப் பனை வாங்கிய படம் என்பதால் வாய்தாவின் 'மேன் ஆஃப் அயர்ன்' (1981) படத்தை முதலில் பார்ப்பதும் வேண்டாம். அதில் யாண்டாவின் வேடம் சின்னது. அதே வாய்தா எடுத்த 'மேன் ஆஃப் மார்பிள்' (1977) பாருங்கள். படிப்பை முடிப்பதற்கான டிப்ளமோ படம் எடுக்கும் சினிமா மாணவியாக யாண்டா வருகிறார். மியூசியக் கிடங்கில் ஒதுக்கிப் போட்ட பளிங்குச் சிலைமேல் கால் போட்டு உட்கார்ந்து, மியூசியத்தில் வேலை செய்யும் பெண்மணிக்குத் தெரியாமல், தானே கேமராவைப் பிடித்துப் படமெடுப்பார். நடை, சிகரெட், பேச்சு எல்லாவற்றிலும் ஒரு முரட்டு அவசரம். ஓவர் ஆக்டிங் என்று சிலர் ஒதுக்குகிறார்கள், எனக்கு அது வருத்தமாக இருக்கும். எந்தக் கதவும் தானாகத் திறக்காத ஊரில் அந்தப் பெண் வேறு எப்படி நடப்பாள்?

யாண்டாவுக்குச் சத்தம் மட்டும்தான் தெரியும் என்று நினைப்பவர்கள், போலந்து இயக்குநர் கீஷ்லோவ்ஸ்கி டிவிக்காக எடுத்த பத்துப் பகுதித் தொடரான 'டெகலாக்'கின் இரண்டாம் பகுதியைப் பார்க்கலாம். கணவர் ஆஸ்பத்திரியில் சாகக் கிடக்கிறார், இவர் வயிற்றில் வேறொருவரின் குழந்தை. ஜன்னலோரச் செடியின் இலைகளை ஒவ்வொன்றாகப் பிய்த்து, கடைசியில் தண்டையும் முறுக்குகிறார். மேசை விளிம்பு வரை ஒரு கண்ணாடிக் கோப்பையை மெல்லத் தள்ளிக்கொண்டே போகிறார், அது விழுந்து உடைகிறது. வசனமே தேவைப்படவில்லை.

வாய்தாவின் நடிகை என்று சுருக்குவதும் தவறு. ஹங்கேரியின் இஷ்ட்வான் சாபோ இயக்கிய 'மெஃபிஸ்டோ'வில் இருக்கிறார். 2005இல் வார்சாவில் ஒரு பழைய சினிமா தியேட்டரை நாடக அரங்காக்கி டியாட்டர் பொலோனியா தொடங்கினார், அதை ஓய்வுக்காலம் என்று எழுதுகிறவர்களும் உண்டு. 2010இல் இன்னொரு பழைய சினிமா தியேட்டரையும் அரங்காக்கினார்.

அப்புறம், ஒளிப்பதிவாளர் பெயரைக் கவனிக்காமல் விடாதீர்கள். 'மேன் ஆஃப் மார்பிள்', 'மேன் ஆஃப் அயர்ன்', அந்த 'டெகலாக்' பகுதி மூன்றையும் எடுத்தவர் எட்வர்ட் குவோஷின்ஸ்கி, யாண்டாவின் கணவர். 2008 ஜனவரியில் இறந்துபோனார். அடுத்த வருடம் வந்த வாய்தாவின் 'டாடாராக்' படத்தில், கதைக்கு நடுவே, ஓர் ஓட்டல் அறையில் யாண்டா தனியாக இருக்கிறார். கணவரின் கடைசி நாட்களைப் பற்றித் தானே எழுதியதைப் பேசுகிறார். கேமரா பாவெல் எடெல்மனுடையது, அது இருந்த இடத்தைவிட்டு நகர்வதே இல்லை.