நிலம் எடுப்பில் உரிய இழப்பீட்டைக் கேட்டுப் பெறும் முறை

இந்தியாவில் விவசாய நிலத்தை அரசு எடுக்கும்போது இழப்பீட்டுக்கு முதன்மையான அடிப்படை, 2014 ஜனவரி 1 முதல் நடைமுறையில் உள்ள 2013ஆம் ஆண்டு நிலம் எடுப்புச் சட்டம். தேசிய நெடுஞ்சாலைச் சட்டத்திலும் சில மாநிலச் சட்டங்களிலும் நடைமுறை வேறு என்பதால், அறிவிப்பில் எந்தச் சட்டம் குறிப்பிடப்பட்டுள்ளது என்பதை முதலில் பாருங்கள். கீழே உள்ளவை 2013ஆம் ஆண்டுச் சட்டத்துக்கு உரியவை.

பிரிவு 11இன் கீழ் முதல்நிலை அறிவிக்கை வெளியான 60 நாட்களுக்குள் ஆட்சேபணையை எழுத்து மூலம் மாவட்ட ஆட்சியரிடம் அளித்து ஒப்புகை பெற வேண்டும். பட்டா இன்னும் இறந்தவர் பெயரில் இருந்தால் அதையும் இப்போதே சரிசெய்யுங்கள்.

உண்மையான போராட்டம் சந்தை மதிப்பைப் பற்றியது. மற்ற தொகைகளில் பெரும்பகுதி அதன் மேல்தான் கட்டப்படுகிறது. பிரிவு 26இன்படி, அரசின் வழிகாட்டி மதிப்பு ஒருபுறமும், அக்கம்பக்கத்தில் அதே வகை நிலங்களுக்கு முந்தைய 3 ஆண்டுகளில் பதிவான கிரயப் பத்திரங்களில் அதிக விலை கொண்ட பாதியின் சராசரி மறுபுறமும் வைத்து, எது கூடுதலோ அதை எடுக்க வேண்டும். ஆகவே சார்பதிவாளர் அலுவலகத்தில் அந்தப் பத்திரங்களின் சான்றிட்ட நகல்களை நீங்களே திரட்டி, உங்கள் நிலத்தோடு பாசனம், மண், சாலை வசதி ஆகியவற்றை ஒப்பிட்டு மனுவோடு இணையுங்கள். முத்திரைத்தாள் செலவுக்குப் பயந்து ஊரே விலையைக் குறைத்துப் பதிந்திருந்தால், அதன் பாதிப்பு இந்த இடத்தில்தான் தெரியும்.

கிராமப்புற நிலத்துக்கு அந்த மதிப்பு 1 முதல் 2 வரையிலான காரணியால் பெருக்கப்படும். கிணறு, மரங்கள், கட்டடங்கள் ஆகியவற்றின் மதிப்பு கூட்டப்பட்டு, மொத்தத்துக்குச் சமமான ஆறுதல் தொகையும் சேரும். எடுத்துக்காட்டாக, நிலம் 10 லட்சம், காரணி 1.5, மரங்களும் கிணறும் 2 லட்சம் எனில் 17 லட்சமும் அதே அளவு ஆறுதல் தொகையுமாக 34 லட்சம் ஆகும்; சந்தை மதிப்பின் மீது ஆண்டுக்கு 12 சதவீதம் கணக்கிடப்படும் தொகை இதற்கு மேல். அளவீட்டின்போது உடனிருந்து, ஒவ்வொரு தென்னையும் கணக்கில் வருகிறதா என்று பாருங்கள். விடுபட்டதைப் பின்னால் நிரூபிப்பது கடினம்.

தீர்வாணையில், அதாவது இழப்பீட்டை முடிவுசெய்து ஆட்சியர் பிறப்பிக்கும் ஆணையில், உள்ள தொகை குறைவு எனத் தோன்றினால் பணத்தை மறுக்க வேண்டியதில்லை. ஆனால் ஆட்சேபணையுடன் பெறுவதாக எழுதிக் கையொப்பமிடாமல் வாங்கினால் பிரிவு 64இன் கீழ் முறையிடும் உரிமை போய்விடும். தீர்வாணையின்போது நீங்களோ உங்கள் பிரதிநிதியோ ஆஜராகியிருந்தால், அன்றிலிருந்து 6 வாரங்களுக்குள் ஆட்சியரிடம் மனு கொடுத்து, விவகாரத்தை இந்தச் சட்டத்தின் கீழ் இழப்பீட்டுத் தகராறுகளை விசாரிக்கும் ஆணையத்துக்கு அனுப்பக் கோருங்கள்.