அதிகம் அறியப்படாத நடிகையின் திரைவாழ்வை எழுதுவது எப்படி?

டி. பி. ராஜலட்சுமியைப் பற்றிப் பேசுவோர் பெரும்பாலும் ‘தமிழ்ப் பேசும்படத்தின் முதல் நாயகி’ என்ற ஒரு வரியோடு நிறுத்திவிடுகிறார்கள். அவ்வரியில் பிழையில்லை, ஆயினும் அதற்கு முன்னும் பின்னும் அவர் செய்த வேலையை அது மறைத்துவிடுகிறது. இத்தகைய நடிகையைப் பற்றி எழுத விரும்புவோர், முதலில் ஒரு தாளில் ஆண்டுகளை வரிசையாக எழுதி, ஒருபுறம் அவருடைய படங்களையும் மறுபுறம் அக்காலத்துத் திரைத்தொழிலில் நேர்ந்த மாற்றங்களையும் குறித்துக்கொள்ள வேண்டும்.

ராஜலட்சுமியின் பக்கத்தில் நாடக மேடை, மௌனப்படங்கள், 1931 அக்டோபர் 31 அன்று வெளியான முதல் தமிழ்ப் பேசும்படம் ‘காளிதாஸ்’, 1936இல் அவரே இயக்கிய ‘மிஸ் கமலா’ ஆகியவை வரும். மறுபக்கமே விளக்கம் தரும் பக்கம். ‘காளிதாஸ்’ பம்பாயில் எடுக்கப்பட்டது. சென்னையில் ஒலிப்பதிவு வசதியுள்ள ஸ்டுடியோ 1934இல்தான் வந்தது. நடிப்பவரே கேமரா முன் நின்று பாட வேண்டியிருந்ததால், மேடையில் பழகிய குரலே நாயகியின் முதல் தகுதியாக இருந்தது. 1930களின் பிற்பகுதியில் பின்னணிப் பாடல் நுழைந்தது. உலகப் போரின்போது கச்சா பிலிம் தட்டுப்பாட்டால் படத்தின் நீளம் 11,000 அடிக்குள் அடக்கப்பட்டது. தாளில் இத்தகைய மாற்றத்துக்கு அருகில் ஒரு நடிகையின் படங்கள் குறைந்திருப்பதாலேயே அம்மாற்றத்தால்தான் அவை குறைந்தன என்று எழுதிவிடக் கூடாது. வேறு சான்று கிடைக்கும்வரை இரண்டையும் அருகருகே வைப்பதோடு நிற்பதே நேர்மை.

‘காளிதாஸ்’ உட்பட அக்காலப் படங்கள் பலவற்றின் பிரதிகள் இன்று இல்லை. ஆகவே படத்தின் பாடல்களும் நடிகர் பட்டியலும் அச்சிடப்பட்ட பாட்டுப் புத்தகங்களே முதன்மைச் சான்றாகின்றன. சென்னை ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகத்திலும் புனேயிலுள்ள தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்திலும் தேடலைத் தொடங்கலாம். நடிகர் பட்டியலில் அவர் பெயர் எத்தனையாவதாக வருகிறது, செய்தித்தாள் விளம்பரத்தில் எந்த அளவு எழுத்தில் அச்சாகியிருக்கிறது என்பவற்றைப் படவாரியாகக் குறித்துவந்தால், அவருடைய மதிப்பு ஏறியதும் இறங்கியதும் எந்தப் பேட்டியையும்விடத் தெளிவாகத் தெரியும். ஆனால் பாட்டுப் புத்தகத்தில் உள்ள பாடல்கள் அனைத்தும் படத்தில் இருந்தன என்று கொள்ள வேண்டாம்.

ராஜலட்சுமி, ராஜலக்ஷ்மி என எல்லா எழுத்து வடிவங்களிலும் தேடுங்கள். தலைப்பெழுத்து பொருந்தாத பதிவைச் சேர்க்காதீர்கள். பிற்காலப் பேட்டிகளில் வரும் ஆண்டுகளை வெளியீட்டு விளம்பரத்தோடு ஒப்பிட்டபின்பே பயன்படுத்த வேண்டும். எழுதும்போது ‘மறக்கப்பட்ட தாரகை’ போன்ற தொடர்களைத் தவிர்ப்பது நல்லது. கதை எழுதி, படம் இயக்கி, அதில் நடிக்கவும் செய்த ஒருவருக்கு நம்முடைய இரக்கம் தேவையில்லை. படப்பட்டியல் முடியும் ஆண்டோடு கட்டுரையை முடித்துவிடவும் வேண்டாம்: ராஜலட்சுமி 1964 வரை வாழ்ந்தார், அந்த ஆண்டுகளுக்கும் தாளில் இடம் விட்டிருக்க வேண்டும்.