பிள்ளையின் பாதுகாப்பைப் பள்ளிக்கூடத்திடம் எழுதிக் கேட்பது எப்படி

எங்கள் ஊர்ப் பள்ளிக்கூட வளவில் ஒரு பழைய மலசலகூடம் நின்றது. கூரை சண்டைக் காலத்திலேயே போய்விட்டது. மிஞ்சிய மூன்று சுவர்களில் ஒன்று வெளிப்பக்கமாகச் சாய்ந்து, அடிக்கல் கழன்று, பார்த்தாலே பயம் வரும். பெற்றோர் கூட்டம் வைக்கிற நேரமெல்லாம் யாராவது எழும்பி அதை இடிக்கச் சொல்லுவோம், நானே இரண்டு தரம் சொன்னேன். ஒரு மாரி முடிந்து தை மாதத்தில் அந்தச் சுவர் சரிந்து, ஆறாம் வகுப்புப் பிள்ளை ஒன்றின் கால் எலும்பு முறிந்தது. விசாரிக்க வந்த அதிகாரிகளிடம் அதிபர், "எனக்கு இதை ஒருவரும் சொல்லவில்லை" என்றார். எனக்குக் கோபம் பற்றிக்கொண்டு வந்தது. ஆனால் அவர் மாற்றலாகி வந்தே எட்டு மாதம்தான், அதற்கு முந்திய கூட்ட அறிக்கைக் கொப்பியை எடுத்துப் புரட்டினால் எல்லாக் கூட்டத்துக்கும் ஒரே வசனம்: "பொது விடயங்கள் கலந்துரையாடப்பட்டன." சுவர் என்ற சொல்லே அதில் இல்லை.

அதற்குப் பிறகுதான் சட்டத்தரணி ஒருவரிடம் இருந்து, சட்டம் என்ன சொல்லுகிறது என்று ஆறுதலாகக் கேட்டு விளங்கிக்கொண்டேன். அதைத்தான் இங்கே எழுதுகிறேன். இது வழக்குப் போடச் சொல்லுகிற கட்டுரை இல்லை. பிள்ளைக்கு ஒன்றும் நடக்காமல் இருக்க என்ன செய்யலாம், நடந்துவிட்டால் முதல் சில நாட்களில் எதைத் தவற விடக்கூடாது என்பதுதான் விஷயம்.

முதலில் கடமை என்ன என்று பார்ப்போம். தீங்கு, கவனக்குறைவு, நட்டஈடு பற்றிய நம் இலங்கைச் சட்டத்துக்கு அடிப்படை, ஒல்லாந்தர் ஆட்சியோடு வந்த உரோமன் டச்சுச் சட்டம். அதில் அளவுகோல் ஒரு விவேகமான குடும்பத் தலைவன்: அவன் அந்த இடத்தில் நின்றிருந்தால் ஆபத்தை முன்கூட்டியே கண்டிருப்பானா, கண்டால் தடுக்க ஏதாவது செய்திருப்பானா? பள்ளிக்கூடம் பெற்றோரின் இடத்தில் நின்று பிள்ளைகளைப் பொறுப்பெடுக்கிறபடியால் அதே கேள்வி ஆசிரியருக்கும் அதிபருக்கும் பொருந்தும். ஓடி விளையாடி முழங்கால் உரசினால் அதற்குப் பள்ளிக்கூடம் பொறுப்பில்லை, எந்த வீட்டிலும் அது நடக்கும். ஆனால் சாய்ந்த சுவர், மூடாத கிணறு, உக்கிய மரக்கொப்பு, பொருத்தாமல் சாத்தி வைத்த கோல் கம்பம், இதெல்லாம் கண்ணுக்குத் தெரிகிற ஆபத்து. 2023 நவம்பரில் வெல்லம்பிட்டியில் ஒரு பாடசாலையில் தண்ணீர்க் குழாய் பொருத்தியிருந்த கொங்கிரீட் கட்டு இடிந்து விழுந்து முதலாம் வகுப்புப் பிள்ளை ஒன்று செத்துப்போனதை மறந்திருக்க மாட்டீர்கள்.

"முன்கூட்டியே காணக்கூடியதா" என்ற அந்தக் கேள்வியில்தான் எல்லாம் தங்கியிருக்கிறது. பள்ளிக்கூடத்துக்கு ஆபத்து தெரிந்திருந்தது என்று காட்ட முடிந்தால் அது கடமையிலிருந்து நழுவ முடியாது. வாயால் சொன்னதை யாரும் காட்ட முடியாது. ஆகவே எழுதிக் கொடுங்கள்.

கடிதம் பெரிய இலக்கியமாக இருக்கத் தேவையில்லை. அதிபருக்கு, திகதி போட்டு, இப்படி எழுதினால் போதும்:

"எமது பாடசாலையின் ஆரம்பப் பிரிவுக் கட்டடத்துக்குப் பின்னால் உள்ள கிணற்றின் கட்டு, தரையிலிருந்து ஒரு முழம் உயரம்தான் உள்ளது. மூடி இல்லை. இடைவேளையில் சிறு பிள்ளைகள் அதன் அருகே விளையாடுகிறார்கள். கட்டை உயர்த்தி வலை போடும்வரை அந்தப் பக்கம் பிள்ளைகள் போகாதவாறு அடைத்து, இடைவேளையில் ஒரு ஆசிரியரை நிறுத்துமாறு வேண்டுகிறோம். எடுத்த நடவடிக்கையை இரண்டு கிழமைக்குள் எமக்கு அறியத் தரவும்."

எங்கே, என்ன, ஏன் ஆபத்து, இன்றைக்கே என்ன செய்யலாம், எப்போது பதில் வேண்டும், அவ்வளவுதான். "இன்றைக்கே என்ன செய்யலாம்" என்ற பகுதியை விட்டுவிடாதீர்கள். கிணற்றுக்கு வலை போட வலயக் கல்வி அலுவலகத்திலிருந்து காசு வர ஒரு வருடம் பிடிக்கலாம், நாலு தடியும் கொஞ்சக் கயிறும் கட்ட ஒரு வருடம் பிடிக்காது. இரண்டு பிரதி எடுத்து ஒன்றில் அதிபரின் கையெழுத்தும் இறப்பர் முத்திரையும் திகதியும் வாங்குங்கள். வாங்க மறுத்தால் பதிவுத் தபாலில் அனுப்பித் துண்டைக் கடிதத்தோடு சேர்த்துக் குத்தி வையுங்கள். பதில் இல்லையென்றால் அதே கடிதத்தின் பிரதியை இணைத்துக் கோட்டக் கல்விப் பணிப்பாளருக்கு, பிறகு வலயக் கல்விப் பணிப்பாளருக்கு. தனி ஒருவராக எழுதப் பயமாக இருந்தால், சின்ன ஊரில் அந்தப் பயம் நியாயமானதுதான், பத்துப் பெற்றோர் சேர்ந்து கையெழுத்து வையுங்கள். பாடசாலை அபிவிருத்திச் சங்கக் கூட்டத்தில் கதைத்தால், கூட்டம் முடிய முன்னமே அறிக்கையில் அந்த வசனம் ஏறிவிட்டதா என்று வாசிக்கச் சொல்லிக் கேளுங்கள்.

சரி, எங்கள் ஊர் இருக்கிற வன்னிப் பகுதியில் எதைப் பார்க்க வேண்டும்? எங்கள் பிள்ளைகள் பலர் காலையில் ஓடுகிற ஒரே ஒரு பஸ்ஸில் வந்து, பாடசாலை தொடங்குகிற 7.30 மணிக்கு நெடுநேரம் முன்னமே வளவுக்குள் நிற்கிறார்கள். 1.30க்கு மணி அடித்த பிறகும் அடுத்த பஸ் வரும்வரை அங்கேதான். பிள்ளைகள் அப்படி நிற்பது அதிபருக்குத் தெரியும், கேற்றைத் திறந்து விட்டிருக்கிறார், அப்படியென்றால் மணி அடிக்கவில்லை என்பது மட்டும் விடையாகாது. காலையில் யார் பொறுப்பு, பின்னேரம் யார் பொறுப்பு என்று எழுதிக் கேளுங்கள். மேலதிக வகுப்பு, விளையாட்டுப் பயிற்சி, வலயப் போட்டிக்குப் பஸ்ஸில் போவது, சுற்றுலா, இவற்றுக்கும் இதே கடமைதான். அனுமதிக் கடிதத்தில் நாங்கள் வைக்கிற கையெழுத்து பிள்ளையைக் கூட்டிப்போகத் தந்த சம்மதம். கவனக்குறைவாக இருக்கத் தந்த சம்மதம் இல்லை.

சிரமதானம் என்றால் நான் கூடுதலாகப் பயப்படுவேன். கண்ணிவெடி அகற்றிய காணி என்றாலும் மழை மண்ணை அரித்து என்னத்தை மேலே கொண்டுவரும் என்று சொல்ல முடியாது. பிள்ளைகளைக் கொண்டு பற்றை வெட்டி, குப்பையைக் குவித்து நெருப்பு வைப்பதை நான் பல இடங்களில் கண்டிருக்கிறேன். அடியில் வெடிக்காத பொருள் ஏதும் கிடந்தால் அந்தச் சூட்டுக்கே வெடிக்கும். பெரியவர்கள் பார்த்துத் துப்புரவாக்காத மூலைக்குப் பிள்ளைகளை இறக்க வேண்டாம், நிலத்தில் நெருப்பு வைக்க வேண்டாம், இந்த இரண்டையும் கட்டாயம் கேளுங்கள். இல்ல மெய்வல்லுநர் போட்டிக் காலத்தில் மரதன் ஓட்டம் எத்தனை மணிக்கு, தண்ணீர் எங்கே, பிள்ளை விழுந்தால் ஏற்ற வாகனம் எது என்று கேளுங்கள். 2024 மார்ச்சில் திருக்கோவிலில் மரதன் ஓடிய மாணவன் ஒருவன் உயிரிழந்தான்.

ஆசிரியர்களுக்காகவும் ஒன்று சொல்ல வேண்டும். ஐந்து வகுப்புக்கு மூன்று ஆசிரியர், அதிலும் ஒருவர் தூர ஊரிலிருந்து விடிய நாலு மணிக்கு எழும்பி வருகிறவர், இப்படி எத்தனையோ பள்ளிக்கூடங்கள் உட்கிராமங்களில் கிடக்கின்றன. சட்டமும் நடக்க முடியாததைக் கேட்பதில்லை. ஆள் இல்லாத குறையை அதிபர் வலயத்துக்கு எழுத நீங்கள் துணை நில்லுங்கள், உங்கள் கடிதத்தை இணைத்து அனுப்பினால் அவருக்கும் அது பலம்.

அடி விஷயம் வேறு. அது கவனக்குறைவு இல்லை, வேண்டுமென்றே செய்வது. பாடசாலைகளில் உடல் தண்டனை கூடாது என்று கல்வி அமைச்சின் 2005ஆம் ஆண்டுச் சுற்றறிக்கையும் 2016ஆம் ஆண்டுச் சுற்றறிக்கையும் சொல்லுகின்றன. தண்டனைச் சட்டக் கோவையின் 308அ பிரிவு சிறுவர் மீதான கொடுமையைக் குற்றமாக்குகிறது. தெற்கில் ஆசிரியர் அறைந்து ஒரு மாணவனின் காது கேளாமல் போன வழக்கில், 2021இல் உயர் நீதிமன்றம் அது சித்திரவதையையும் கொடூரமாக நடத்துவதையும் தடுக்கிற அரசியலமைப்பின் 11ஆம் உறுப்புரையை மீறியது என்று தீர்த்து, ஆசிரியர் 150,000 ரூபாவும் அரசு 500,000 ரூபாவும் கொடுக்கக் கட்டளையிட்டது. "நாங்களும் அடி வாங்கித்தானே படித்தோம்" என்று சொல்லுகிற பெற்றோருக்கு அந்தப் பிள்ளையின் காதைத்தான் நான் சொல்லிக் காட்டுவேன்.

இனி, ஏதும் நடந்துவிட்டால். முதலில் பிள்ளை, அரசாங்க ஆஸ்பத்திரிக்கே கொண்டுபோங்கள், எங்கே எப்படி நடந்தது என்பதை வைத்தியரிடம் உள்ளபடி சொல்லுங்கள். "விழுந்திட்டான்" என்று சொல்லி முடிக்காதீர்கள், அவர் எழுதுகிறதுதான் பிறகு நிற்கும். துண்டு வெட்டி வீட்டுக்கு விடும்போது தருகிற, நோய் விபரம் எழுதிய டயக்னோசிஸ் காட்டைப் படம் எடுத்து வையுங்கள். அன்றைக்கே, முடிந்தால் இருட்ட முன்னம், இடத்தையும் படம் எடுங்கள், ஏனென்றால் அடுத்த நாள் காலை அங்கே எல்லாம் கூட்டித் துப்புரவாக இருக்கும். பிள்ளை சொல்லுகிறதைப் பிள்ளையின் சொல்லிலேயே ஒரு கொப்பியில் எழுதுங்கள், திருத்த வேண்டாம், திரும்பத் திரும்பக் கேட்டுக் குழப்பவும் வேண்டாம். பாடசாலையில் நடப்பதை அதிபர் எழுதி வைக்கிற சம்பவத்திரட்டுப் புத்தகத்தில் பதியும்படி அதிபரிடம் எழுத்தில் கேளுங்கள். அதன் பிரதி தர மறுத்தால் 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் விண்ணப்பம் கொடுக்கலாம், 14 வேலை நாட்களுக்குள் தருவதா இல்லையா என்று அவர்கள் முடிவு சொல்ல வேண்டும். மாணவர் காப்புறுதி அந்த வருடம் நடைமுறையில் இருக்கிறதா என்றும் அப்போதே கேளுங்கள்.

அடித்தது, பாலியல் தொல்லை, பாரதூரமான காயம் என்றால் பொலிஸ் முறைப்பாடு வேண்டும். சிறுவர் மகளிர் பிரிவில் கேளுங்கள். வடக்கில் நிர்வாக மொழி தமிழ், ஆகவே தமிழில் எழுதச் சொல்லிக் கேட்பது உங்கள் உரிமை. விளங்காத மொழியில் எழுதிய தாளில் கையெழுத்து வைக்காதீர்கள், வாசித்துக் காட்டிய பிறகே வையுங்கள், முறைப்பாட்டு இலக்கத்தையும் எழுதி வாங்குங்கள். தேசிய சிறுவர் பாதுகாப்பு அதிகார சபைக்கு 1929 என்ற இலக்கத்தில் அழைக்கலாம். பிரதேச செயலகத்தில் சிறுவர் உரிமை மேம்பாட்டு உத்தியோகத்தர் இருக்கிறார், பொலிஸுக்குத் தனியாகப் போகத் தயங்குகிற தாய்மாருக்கு அவரிடம் முதலில் போவது சுகம்.

காலக்கெடுவைத்தான் எங்கள் ஆட்கள் அதிகம் தவற விடுகிறார்கள். அடிப்படை உரிமை மீறல் என்று உயர் நீதிமன்றம் போக ஒரு மாதம்தான். சமாதானமாக முடிக்கலாம், பொறுங்கள் என்று ஊரில் நாலு பேர் சொல்ல அந்த மாதம் ஓடிவிடும். அந்த ஒரு மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவுக்கு முறைப்பாடு கொடுத்துவிட்டால், அங்கே விசாரணை நடக்கிற காலம் அந்தக் கணக்கில் சேராது. வவுனியாவில் அதன் பிராந்திய அலுவலகம் இருக்கிறது. கவனக்குறைவுக்கு நட்டஈடு கேட்கிற சாதாரண வழக்குக்கு இரண்டு வருடம். அரசாங்கப் பாடசாலை ஆசிரியரின் கவனக்குறைவுக்கு அரசையே பொறுப்பாக்க 1969ஆம் ஆண்டின் 22ஆம் இலக்கச் சட்டம் இடம் தருகிறது, ஆனால் வழக்குக்கு ஒரு மாதம் முன்னம், அரசின் தலைமைச் சட்ட அதிகாரியான சட்டமா அதிபருக்கு எழுத்தில் அறிவித்தல் கொடுக்க வேண்டும். காசு இல்லாதவர்களுக்குச் சட்ட உதவி ஆணைக்குழு இருக்கிறது. போகும்போது வெறுங்கையோடு போகாமல் கையெழுத்து வாங்கிய அந்தப் பிரதி, தபால் துண்டு, படங்கள், ஆஸ்பத்திரித் துண்டு எல்லாவற்றையும் திகதி வரிசையில் அடுக்கிக் கொண்டுபோங்கள்.

அந்தக் கால் முறிந்த பிள்ளைக்கு இப்போது நடக்க முடிகிறது, ஓடினால் நோகிறது என்கிறாள். மற்ற இரண்டு சுவர்களுக்கும் நாங்கள் பதினாலு பேர் கையெழுத்து வைத்துக் கடிதம் கொடுத்தோம். மூன்றாவது கிழமை வலயத்திலிருந்து ஆள் வந்து பார்த்து, அடுத்த சனிக்கிழமை பெற்றோரே சேர்ந்து இடித்தோம்.