பாவுல் பாட்டில் கத்தரி போடாதீர்கள்

பாவுல்கள் வங்காளத்தில் பாடியே ஞானம் தேடும் நாடோடிச் சாதகர்கள். அவர்கள் பாட்டைப் பாடிப் பழகும்போது வங்காள உச்சரிப்பு இடறுவதும் தாளம் நழுவுவதும் பாடப் பாடச் சரியாகிவிடும். கீழே இருப்பவை அப்படித் தானாகச் சரியாகாத தவறுகள்.

கடைசிச் சரணத்தை விடுவது

மேடையில் ஐந்து நிமிடம்தான் என்றதும் முதலில் வெட்டுப்படுவது இது. எரிச்சலூட்டுவதும் இதுதான். பாவுல் பாட்டின் முடிவில் ‘பணிதா’ வரும். கீர்த்தனைகளின் முத்திரை மாதிரி, இயற்றியவர் பெயர் அதில் இருக்கும். இந்த மரபின் பெரும் பாடலாசிரியரான லாலன் ஃபகீரின் பல பாடல்களில் அவருடைய குரு சிராஜ் சாயின் பெயரும் சேர்ந்தே வரும். 1890-இல் லாலன் மறைந்தபின் பாடல்கள் சீடர்களின் வாயிலும் நோட்டுகளிலும்தான் தங்கின. எது அவருடையது என்று பார்க்க முதல் அடையாளமே பணிதாதான்.

பொருளும் கெடும். கூண்டுக்குள் வந்துபோகும் முகமறியாப் பறவையைப் பற்றிய அவர் பாட்டையே பாருங்கள். எட்டு அறை, ஒன்பது வாசல் என்றதுமே அந்தக் கூண்டு உடம்பு என்று சித்தர் பாடல் படித்தவர்களுக்குப் புரிந்துவிடும். ஆனால் கூண்டு பச்சை மூங்கிலால் ஆனது, என்றைக்காவது உதிர்ந்துவிடும் என்று லாலன் அழுது சொல்வது கடைசிச் சரணத்தில். அதற்கு முன்பே நிறுத்தினால் மிஞ்சுவது ஒரு குருவிப் பாட்டு. அதற்கும் கைதட்டுவார்கள், பாடியவர் அடுத்த மேடையிலும் அங்கேயே வெட்டுவார்.

நேரம் போதாவிட்டால் பல்லவியைத் திருப்பிப் பாடுவதைக் குறையுங்கள். இடை இசையை எடுத்துவிடுங்கள். அப்போதும் முடியாதென்றால் வேறு சின்னப் பாட்டு பாடுங்கள்.

ஒற்றைத் தந்திக் கருவியில் மெட்டு வாசிக்கப் பார்ப்பது

வேண்டாம். அதற்குப் பல தந்திகள் கொண்ட தோதாரா இருக்கிறது.

கோபியந்திரத்தை இறுக்கிப் பிடிப்பது

கோபியந்திரம் ஒற்றைத் தந்திக் கருவி. அதன் இரண்டு மூங்கில் கைகளையும் அமுக்கினால் தந்தி தளர்ந்து சுருதி இறங்கும். பதற்றத்தில் பிடியை விடாதவருக்குப் பாட்டு முழுக்கச் சுருதி கீழேயே கிடக்கும். தளர்வாகப் பிடித்துச் சுருதி சேருங்கள். குழைவு வேண்டிய இடத்தில் மட்டும் அமுக்குங்கள். ஈரக்காற்றில் அடித்தோல் தொய்யும் என்பதால், பாடுவதற்கு முன் இன்னொரு முறை பார்த்துக்கொள்ளுங்கள்.

பாவுல்கள் எல்லோருக்கும் காவி உடை என்று நினைப்பது

வங்கதேசத்துக் குஷ்டியாவில் லாலன் வழி ஃபகீர்கள் உடுத்துவது வெள்ளை.

மேடையோடு திரும்பிவிடுவது

மகர சங்கராந்திக்கு மேற்கு வங்கத்தின் பீர்பூம் மாவட்டத்தில் பாவுல்கள் கூடும் ஜெய்தேவ் கெந்துலிக்குப் போகிறவர்கள் ஒலிபெருக்கி மேடையைக் கேட்டுவிட்டுக் கிளம்பிவிடுகிறார்கள். அஜய் ஆற்றங்கரையில் பாவுல்கள் தங்கிப் பாடும் ஆக்ராக்களில் இரவு உட்காருங்கள். ஒருவர் கேள்வியாகப் பாடினால் இன்னொருவர் பாட்டாலேயே பதில் சொல்வதும் உண்டு. நடுவில் புகுந்து, உடலைக் கொண்டு அவர்கள் செய்யும் சாதனையின் நுணுக்கத்தை மட்டும் கேட்காதீர்கள். தீட்சை வாங்காதவர்களுக்கு அதைச் சொல்ல மாட்டார்கள்.