ஒரு பெயரின் பூர்வீகத்தைத் தேடுவது எப்படி? முதல்முறை தேடுபவர்களுக்கு

சொந்தத்தில் ஒரு குழந்தை பிறந்தால் எனக்குப் போட்டோ வருவதற்கு முன்னால் "இந்தப் பேருக்கு என்ன அர்த்தம்னு பார்த்துச் சொல்லு" என்று மெசேஜ் வந்துவிடும். அதற்குள் அவர்களே ஏதோ ஒரு குழந்தைப் பெயர்த் தளத்தில் தேடியிருப்பார்கள், அங்கே எந்தப் பெயரைப் போட்டாலும் அழகு, ஒளி, இறைவனின் பரிசு, இந்த மூன்றில் ஒன்றுதான் வரும். நானும் கொஞ்ச நாள் அதையே காப்பியடித்து அனுப்பியவன்தான். அர்த்தத்தைக் கடைசியில் பார்த்துக்கொள்ளலாம், முதலில் அந்தப் பெயர் எந்த ஊரிலிருந்து எந்த வழியாக வந்தது என்று பார்க்க வேண்டும் என்பது பிறகுதான் புரிந்தது. இதற்கு மொழியியல் எல்லாம் படித்திருக்க வேண்டாம், ஒரு நோட்டும் போனும் போதும்.

படி 1: சொந்த எழுத்தில் எப்படி எழுதுகிறார்கள் என்று பாருங்கள்

தமிழிலோ ஆங்கிலத்திலோ எழுதும்போது பாதித் தகவல் காணாமல் போய்விடுகிறது. ஜப்பானியப் பெயர்களில் இது ரொம்ப அதிகம். இயக்குநர் அகிரா குரோசாவாவின் 'அகிரா'வை எழுதும் எழுத்தில் சூரியனும் நிலாவும் பக்கத்துப் பக்கத்தில் நிற்கும், பொருள் வெளிச்சம். இன்னொரு அகிரா தன் பெயரை முற்றிலும் வேறு எழுத்தில் எழுதுவார். அதனால் எழுத்தைப் பார்க்காமல் "அகிரா என்றால் என்ன?" என்ற கேள்விக்குப் பதிலே கிடையாது.

படி 2: எந்தத் துண்டு யாருடையது?

இன்ஷியல் போட்டு வளர்ந்த நமக்கு இது சுலபம். ஐஸ்லாந்தில் பெரும்பாலானவர்களுக்குக் குடும்பப் பெயரே இல்லை. பாடகி பியோர்க் குவுத்முந்தஸ்தோத்திர் என்றால் 'குவுத்முந்தரின் மகள் பியோர்க்', அவ்வளவுதான். பியோர்க் என்பது பிர்ச் மரம். அங்கே தொலைபேசிப் புத்தகத்தைக்கூட அப்பா பெயரை வைத்து இல்லாமல் சொந்தப் பெயரை வைத்துத்தான் அடுக்கியிருந்தார்கள். ஹங்கேரியில் குடும்பப் பெயர் முன்னால் வரும். பர்மாவில் அதுவும் இல்லை: ஆங் சான் சூ கி என்பதில் ஆங் சான் அப்பா, சூ பாட்டி, கி அம்மா. 'சூ கி'யைக் குடும்பப் பெயர் என்று நினைத்துக்கொண்டு அகராதியைப் புரட்டினால் தொலைந்தீர்கள்.

படி 3: ஒட்டுகளைப் பிரியுங்கள், ஆனால் அளவாக

நமக்குத் தெரிந்த பெயரிலேயே பார்ப்போம். ஆவுல் பக்கீர் ஜைனுலாப்தீன் அப்துல் கலாம். ஆவுல் கொள்ளுத் தாத்தா, பக்கீர் தாத்தா, ஜைனுலாப்தீன் அப்பா. இரண்டாம் படி முடிந்தது. இப்போது பிரிப்போம். ஜைன் + அல் + ஆபிதீன், அதாவது வணங்குவோரின் அணிகலன். அப்த் + அல் என்றால் 'இன்னாருடைய அடியான்'. அரபியில் பெரும்பாலான சொற்கள் மூன்று மெய்யெழுத்து வேரிலிருந்து முளைப்பவை. ஆபிதீன், அப்த் இரண்டுக்கும் வேர் ஒன்றுதான், வணக்கமும் அடிமையும் அந்த ஒரே வேரில் இருக்கின்றன. அப்பா பெயரிலும் மகன் பெயரிலும் ஒரே வேர் ஒளிந்திருப்பதைப் பார்த்த அன்று எனக்குச் சாப்பாடே இறங்கவில்லை, அவ்வளவு சந்தோஷம்.

ரொம்பப் பிரித்தாலும் கெட்டுவிடும். வெறும் 'அப்துல்' என்று ஒருவரைக் கூப்பிடுவது, 'இன்னாருடைய அடியான்' என்பதில் இன்னாரை விட்டுவிடுவது மாதிரி. அபுல் கலாம் ஆசாத்தின் 'அபுல்' வேறு, அங்கே 'அபு' என்றால் தந்தை. நடுவில் ஒரு எழுத்து விட்டுப்போனால் அடியான் தந்தையாகிவிடுவார்.

படி 4: பிறந்த கிழமை, பிறந்த வரிசை

சில ஊர்களில் பெயர் கிட்டத்தட்ட ஒரு பதிவேடு. கானாவின் அகான் மக்களிடம் வெள்ளிக்கிழமை பிறந்த பையன் கோஃபி, சனிக்கிழமை பிறந்தவன் குவாமே. ஐ.நா. பொதுச் செயலாளராக இருந்த கோஃபி அன்னான் பிறந்த 1938 ஏப்ரல் 8 வெள்ளிக்கிழமைதான், காலண்டரில் சரிபார்த்துக்கொள்ளலாம். அன்னான் என்பது நான்காவது குழந்தைக்கு வைப்பது. இங்கே 'இனிமை, வீரம்' என்று பொருள் தேடுவது வீண் வேலை.

படி 5: யார் கொண்டுவந்தது?

எனக்குப் பிடித்த படி இதுதான். சவரிமுத்து என்ற பெயரை எடுங்கள். புதிதாகத் தேடுபவர் நேராகத் தமிழ் அகராதிக்குப் போவார், அங்கே சவரி முடிதான் கிடைக்கும். பெயர் வைத்திருப்பவர்கள் யார் என்று பாருங்கள்: பெரும்பாலும் கத்தோலிக்கக் குடும்பங்கள். அங்கிருந்து சவேரியார், அதாவது பிரான்சிஸ் சேவியர். அவர் 1542இல் கோவாவில் இறங்கி அதே ஆண்டு தூத்துக்குடிப் பக்கத்து முத்துக்குளித்துறைக்கு வந்தவர். சேவியர் என்பது அவருடைய சொந்தப் பெயர் இல்லை, வட ஸ்பெயினில் நவார் பகுதியில் அவர் பிறந்த கோட்டையின் பெயர். அது அந்தப் பக்கத்துப் பாஸ்க் மொழியின் 'எச்சே பெர்ரி', அதாவது புது வீடு. ஆக, நம்ம ஊர் சவரிமுத்துவின் முன்பாதி பாஸ்க் மொழியில் 'புதுவீடு'!

பின்பாதி முத்துக்குளித்துறையால் வந்தது என்று எழுத எனக்கும் கை அரிக்கிறது. ஆனால் மாரிமுத்து, காளிமுத்து என்று கடலே பார்க்காத ஊர்களிலும் முத்து இருக்கிறதே. கதை அழகாக இருக்கிறது என்பதற்காக எழுதிவிடாதீர்கள்.

படி 6: ஒலி ஒற்றுமையைச் சந்தேகியுங்கள்

நவோமி ஜப்பானிலும் உண்டு, எபிரேயத்திலும் உண்டு, இரண்டுக்கும் உறவே இல்லை. அனிதா ஸ்பானிய மொழியில் 'ஆனா'வின் செல்ல வடிவம், அதன் வேர் எபிரேய ஹன்னா. அதற்காக நம்ம ஊர் அனிதாக்களெல்லாம் ஸ்பெயின் போக வேண்டியதில்லை.

தலைகீழாகவும் நடக்கும்: ஒலி கொஞ்சமும் ஒட்டாமல் பொருள் மட்டும் கடல் தாண்டி வரும். பவுல் என்பதன் லத்தீன் வடிவம் பவுலுஸ், பொருள் 'சிறியவர்'. தமிழ்க் கத்தோலிக்கர்கள் அதை அப்படியே சின்னப்பர் ஆக்கிவிட்டார்கள். யோவானின் எபிரேய மூலத்துக்குக் 'கடவுள் அருளுடையவர்' என்று பொருள், அவர் அருளப்பர் ஆனார்.

ஆனால் சின்னப்பன் என்று ஒருவரைப் பார்த்ததும் பவுலிடம் ஓடிவிடாதீர்கள். கிறிஸ்தவர் அல்லாத குடும்பங்களிலும் அந்தப் பெயர் உண்டு, அங்கே அது தாத்தா பெயராகவோ குலசாமி பெயராகவோ இருக்கலாம். எந்த அகராதியும் இதற்கு உதவாது. அவர்கள் வீட்டுப் பெரியவர் யாருக்காவது போன் போட்டு, "தாத்தா, இந்தப் பேரை யாரு வெச்சா?" என்று கேளுங்கள்.