ராபர்ட் டாலை எந்த வரிசையில் படிப்பது?

அதிகாரம் யார் கையில் இருக்கிறது என்பதை ஆராய்ந்த அமெரிக்க அரசியல் அறிஞர் ராபர்ட் டாலைப் படிக்க நினைப்பவர்கள் நேராக 1961இல் வெளிவந்த 'ஹூ கவர்ன்ஸ்?' (யார் ஆள்கிறார்?) நூலை எடுக்கிறார்கள். முதல் பகுதியில் பெரும்பாலும், அமெரிக்காவின் நியூ ஹேவன் நகரத்தில் அதிகாரம் பழைய பெருங்குடும்பங்களிடமிருந்து அடுத்தடுத்து கைமாறிய வரலாறு. பலர் அங்கேயே சலித்துப்போய் மூடிவைத்துவிடுவார்கள். அதைப் பிறகு வைத்துக்கொள்ளலாம். முதலில் இரண்டு சிறு கட்டுரைகள்.

ஒன்று, 1957இல் எழுதிய 'தி கான்செப்ட் ஆஃப் பவர்'. தானாகச் செய்திருக்க மாட்டாத ஒன்றை ஒருவரை எந்த அளவுக்குச் செய்யவைக்க முடிகிறதோ, அந்த அளவே அவர்மீதான அதிகாரம் என்கிறார் டால். படிக்கும்போதே ஒரு தாளில் நான்கு கட்டம் போட்டுக்கொள்ளுங்கள்: அதிகாரத்துக்கு ஆதாரம் எது, அதைச் செலுத்தும் வழி எது, எந்த விஷயத்தில் செல்லுபடியாகிறது, எவ்வளவு பலிக்கிறது. அமெரிக்க அதிபருக்கு நாடாளுமன்றத்தின்மேல் உள்ள அதிகாரத்தை எடுத்துக்கொண்டால், பதவி நியமனங்கள் ஆதாரம். வீட்டோ போடுவேன் என்ற மிரட்டல் வழி. பெரும்பாலோர் காலியாக விடுவது மூன்றாவது கட்டத்தைத்தான். 'அவர் செல்வாக்கானவர்' என்றால் எதில்? டால் செனட்டர்களை வரிசைப்படுத்தும்போதுகூட வெளியுறவுக்கு ஒரு பட்டியல், வரி, பொருளாதாரக் கொள்கைக்கு வேறு பட்டியல் என்றுதான் போடுகிறார்.

இந்தக் கணக்கு எங்கே பிசகும் என்பதையும் அவரே காட்டுகிறார். சபை எந்தப் பக்கம் சாயும் என்று மோப்பம் பிடித்து அதன்படியே வாக்களிக்கும் உறுப்பினர், எண்களில் பெரும் சக்தியாகத் தெரிவார். அவரைப் பச்சோந்தி என்கிறார் டால். வாக்கெடுப்பு முடிவுகளை மட்டும் வைத்து அதிகாரத்தை அளந்தால் இந்தப் பிழை கட்டாயம் நுழையும்.

இரண்டாவது, 1958இல் வந்த 'எ கிரிட்டிக் ஆஃப் தி ரூலிங் எலீட் மாடல்'. ஏழே பக்கம். ஒரு சிறு கூட்டம்தான் ஊரை ஆள்கிறது என்று சொல்ல மூன்று நிபந்தனைகள் வைக்கிறார்: அந்தக் கூட்டம் யார் யார் என்று வரையறுக்க வேண்டும்; அவர்கள் விருப்பமும் மற்றவர்கள் விருப்பமும் மோதிய முக்கிய முடிவுகளைப் போதுமான அளவு எடுக்க வேண்டும்; அவற்றில் அவர்களே வழக்கமாக ஜெயித்திருக்க வேண்டும். விவரம் தெரிந்தவர்களிடம் 'இங்கே பெரிய தலை யார்?' என்று கேட்டுப் பட்டியல் போட்டால், பேர் பெற்றவர் யார் என்றுதான் தெரியும்; அதிகாரம் உள்ளவர் யார் என்று தெரியாது. 1953இல் அமெரிக்க நகரமான அட்லாண்டாவைப் பற்றிச் சமூகவியலாளர் ஃபிளாய்ட் ஹன்டர் எழுதிய நூல்மீது டால் கோஷ்டி வைத்த குறை இதுதான்.

இப்போது 'ஹூ கவர்ன்ஸ்?'. நகரச் சீரமைப்பு, பள்ளிக் கல்வி, கட்சி வேட்பாளர் தேர்வு ஆகிய மூன்று துறைகளின் அத்தியாயங்களை முதலில் படியுங்கள். ஒவ்வொரு முடிவுக்கும் யார் தொடங்கினார், யார் தடுத்தார் என்று குறித்துக்கொண்டே போங்கள். பெயர்கள் துறைக்குத் துறை மாறும்; ஒன்றுக்கு மேற்பட்ட துறையில் வருபவர்கள் மிகச் சிலரே, மேயர் ரிச்சர்ட் லீ போல.

நிதானிக்க வேண்டிய இடம், சீரமைப்புக்காக லீ அமைத்த குடிமக்கள் குழு. தொழிலதிபர்கள் உட்பட ஊர்ப் பெரிய மனிதர்கள் இருந்தும், மேயர் கொண்டுவந்த எதையும் அது எதிர்க்கவில்லை. குழுவுக்குச் சக்தி இல்லையா, அல்லது அது ஏற்காததை மேயர் முன்கூட்டியே ஒதுக்கிவிட்டாரா? பின்னதற்கும் டால் இடம் விடுகிறார். ஆனால் அவரது கணக்கில் அது பதிவாகாது. முறையின் உண்மையான ஓட்டை இங்கே இருக்கிறது என்பது எங்கள் கருத்து.

அதனால் 1961இல் நிறுத்தாதீர்கள். அடுத்த ஆண்டே பக்ரக், பரட்ஸ் என்ற இரண்டு அமெரிக்க அறிஞர்கள் எழுதிய 'டூ ஃபேசஸ் ஆஃப் பவர்' கட்டுரையைக் கையோடு படியுங்கள்: பேச்சுக்கே வராமல் தடுப்பதும் அதிகாரமே என்பது அவர்கள் வாதம். நடக்காததை எப்படி ஆராய்வது என்று கேட்பவர்களுக்கு அரசியல் அறிஞர் மாத்யூ கிரென்சனின் 1971 ஆய்வு உதவும். அடுத்தடுத்த இரண்டு இந்தியானா எஃகு நகரங்கள். ஈஸ்ட் சிகாகோ 1949இலேயே காற்று மாசுக்குச் சட்டம் போட்டது, யு.எஸ். ஸ்டீல் என்ற எஃகு நிறுவனம் கோலோச்சிய கேரி 1962 வரை போடவில்லை. ஒப்பிட இன்னோர் ஊர் இருந்தால் மௌனத்தையும் அளக்கலாம். உங்கள் தாளில் ஐந்தாவது கட்டம் ஒன்று சேர்த்து, பக்கத்து ஊரில் விவாதமாகி இங்கே ஆகாதவற்றை அதில் எழுதுங்கள்.

டாலின் 'பாலியார்கி' (பலராட்சி) நூலை இதற்குப் பிறகு எடுங்கள். அங்கே அலகு நகரம் அல்ல, நாடு. போட்டி, பங்கேற்பு என்ற இரண்டு அளவுகோல்கள்தான்.