இடமாற்றக் கடிதம் வந்த 30 நாள்

பொலிஸ் கான்ஸ்டபிளான எனக்கு யாழ்ப்பாணத்திலிருந்து மொனராகலைக்கு இடமாற்றம் வந்தது. வீட்டில் அம்மா மட்டும்தான். போதனா வைத்தியசாலையில் மாதாமாதம் கிளினிக். நான்தான் கூட்டிக்கொண்டு போக வேண்டும்.

கோபத்தில் நாலு பக்கத்துக்கு ஒரு மேன்முறையீடு எழுதினேன். எல்லாம் புலம்பல். அதைப் படித்த சட்டத்தரணி அண்ணர், "தம்பி, இதிலே கண்ணீர்தான் இருக்கு, திகதி ஒன்றும் இல்லையே" என்றார். சரிதான்.

அவர் முதலில் சொன்னது எனக்குப் பிடிக்கவில்லை: போய்க் கடமையை ஏற்றுக்கொள். மேன்முறையீடு போட்டதாலேயே இடமாற்றம் நின்றுவிடாது. போகாமல் இருந்தால் ஒழுக்காற்று விசாரணை வேறு வரும். போனேன்.

அப்புறம் தேசிய பொலிஸ் ஆணைக்குழுவுக்கு ஒரே பக்கத்தில் மேன்முறையீடு. கிளினிக் கொப்பி, கிராம அலுவலரின் கடிதம், முந்தைய இடமாற்றக் கட்டளைகள் எல்லாம் இணைத்துப் பதிவுத் தபாலில் போட்டேன். பற்றுச்சீட்டை இன்னும் வைத்திருக்கிறேன்.

இன்னொரு வேலையும் செய்தோம். சமத்துவ உரிமை மீறப்பட்டதென்று அரசியலமைப்பின் 126ஆம் உறுப்புரையின் கீழ் உயர் நீதிமன்றம் போவதானால் ஒரு மாதத்துக்குள் போக வேண்டும். அந்த மாதத்துக்குள்ளேயே மனித உரிமைகள் ஆணைக்குழுவின் யாழ். அலுவலகத்தில் முறைப்பாடு கொடுத்தால், விசாரணை நடக்கும் காலம் அந்தக் கணக்கில் சேராது. இதைச் சொல்வது 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்க மனித உரிமைகள் ஆணைக்குழுச் சட்டம், பிரிவு 13. 26ஆவது நாள் கொடுத்தேன்.

உயர் நீதிமன்றம் இருக்கிற கொழும்பு புதுக்கடைக்குப் போகவே வேண்டி வரவில்லை. கிளிநொச்சிக்கு மாற்றித் தந்தார்கள். யாழ்ப்பாணம் இல்லைதான், ஆனால் இரவுக்கு வீடு வந்துவிடலாம்.